வாசகர் கேள்வி: அடித்த அப்பாவுக்காக அழுவது தவறா?

கேள்வி: எனக்கு வயது முப்பத்து நான்கு. திருச்சியில் வேலை பார்க்கிறேன். பத்து மாதங்களுக்கு முன் அப்பா மாரடைப்பில் காலமானார். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அவர் அம்மாவை அடித்து வந்தார். ஒருமுறை அம்மாவின் கை எலும்பு முறிந்தபோது, மாடிப்படியில் விழுந்துவிட்டதாக ஆஸ்பத்திரியில் சொன்னோம். எனக்குச் சைக்கிள் பழக்கியவரும் அவர்தான். சென்ற மாதம் எங்கள் வாசிப்பு வட்டத்தில் நைஜீரிய எழுத்தாளர் சிமமந்தா என்கோசி அடீச்சியின் ‘பர்ப்பிள் ஹைபிஸ்கஸ்’ நாவலைப் படித்தோம். அப்பாவின் சாவுக்குக்கூட அழாத நான், அந்தக் கதையில் மனைவியையும் பிள்ளைகளையும் வதைக்கும் யூஜீன் இறந்துபோகும் இடத்தில் அடக்க முடியாமல் அழுதேன். ‘இத்தனை வருஷம் அடி வாங்கிக்கொண்டு இருந்தாளே, அவள் மேல்தான் தப்பு’ என்று வட்டத்தில் ஒருவர் பேசினார். அம்மாவையே சொன்னதுபோல் இருந்தது. அம்மா இன்றுவரை ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. அப்பாவின் படத்தைப் பெரிதாக்கி ஹாலில் மாட்ட வேண்டும் என்கிறார் சித்தப்பா. மாட்டினால் அந்த வீட்டுப் படியேற மாட்டேன், தலைத்திவசத்துக்கும் வர மாட்டேன் என்கிறான் தம்பி. நான் அழுதது அம்மாவுக்குச் செய்த துரோகமா? இந்த நாவலைத் தம்பியிடம் கொடுக்கலாமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

துரோகம் இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதற்கு விடை கிடைக்கும்வரை மற்ற எதுவும் உங்கள் காதில் ஏறாது என்பது கடிதத்தைப் படிக்கும்போதே தெரிந்தது.

உங்கள் கடிதம் வந்த பிறகு அந்த நாவலை மறுபடி எடுத்து இரண்டு இரவுகளில் படித்து முடித்தேன். 2003இல் வெளிவந்து, 2005இல் சிறந்த முதல் நூலுக்கான காமன்வெல்த் எழுத்தாளர் பரிசைப் பெற்ற புத்தகம் அது. நைஜீரியாவின் எனுகு நகரத்தில் வாழும் வசதி படைத்த கத்தோலிக்க இக்போ இனக் குடும்பம் ஒன்றின் கதையை, பதினைந்து வயது மகள் கம்பிலி சொல்கிறாள். யூஜீன் இறக்கும் இடத்தைப் பற்றி எழுதியிருக்கும் நீங்கள், அதற்குப் பின் வரும் சில பக்கங்களைப் பற்றி ஒன்றுமே எழுதவில்லை. அழுதுகொண்டே புரட்டியதில் அவை கண்ணில் படாமல் போயிருக்கலாம். தகப்பன் இறந்து ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் கழிந்த நிலையில், கம்பிலி நம்மிடம் மட்டும் ஒரு விஷயத்தைச் சொல்கிறாள். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அப்பாவுக்காகத் திருப்பலி ஒப்புக்கொடுக்கிறாள். அவரைக் கனவில் காண ஏங்குகிறாள். அந்த ஏக்கத்தில் சில சமயம், தூக்கமும் இல்லாத விழிப்பும் இல்லாத நேரத்தில் தானே ஒரு கனவைச் செய்துகொள்கிறாள். அதில் அவர் அணைப்பதற்குக் கை நீட்டுகிறார், இவளும் நீட்டுகிறாள், உடலும் உடலும் தொடுவதற்குள் ஏதோ ஒன்று உலுக்கி எழுப்பிவிடுகிறது. இதை அவள் அண்ணன் ஜாஜாவிடம் சொல்வதில்லை.

இவள் யார் என்பதை நினைத்துப் பாருங்கள். கிறிஸ்தவத்துக்கு வராத தாத்தா தங்கியிருந்த வீட்டில் தானும் தங்கியதைத் தகப்பனிடம் மறைத்தாள் என்பதற்காக, குளியல் தொட்டியில் நிறுத்தப்பட்டுக் கொதிநீரால் பாதங்கள் சுடப்பட்டவள். அதே தாத்தாவின் ஓவியத்தை வைத்திருந்தாள் என்பதற்காக, சாகக் கிடக்கும் அளவுக்கு உதைக்கப்பட்டு மருத்துவமனையில் கிடந்தவள். அவள் எதையும் மறக்கவில்லை, மன்னித்துவிட்டதாகவும் எங்கும் சொல்லவில்லை. ஆனாலும் அவளுக்கு அப்பா வேண்டியிருக்கிறார்.

ஏன் என்பதற்கு நாவலில் தேநீர்க் கோப்பை ஒன்று இருக்கிறது. யூஜீன் தேநீர் குடிக்கும்போதெல்லாம் பிள்ளைகளைக் கூப்பிட்டு முதலில் ஒரு மடக்குக் குடிக்கச் சொல்வார். நேசிப்பவர்களோடு சின்னஞ்சிறு விஷயங்களையும் பகிர்ந்துகொள்ள வேண்டும் என்பது அவர் கொள்கை. ‘அன்பு மடக்கு’ என்றே அந்த வீட்டில் அதற்குப் பெயர். தேநீர் ஆறியிருக்காது. நாக்கு சுட்டுவிடும். மதியச் சாப்பாட்டில் காரம் இருந்தால் சுட்ட இடம் எரியும். கம்பிலிக்கு அதில் வருத்தமே இல்லை. அந்தச் சூட்டின் வழியாக அப்பாவின் அன்பு தனக்குள் இறங்குவதாக நம்புகிறாள். பிற்பாடு, கணவரின் தேநீரில் விஷம் கலந்துவந்தது தானே என்று தாய் பியாட்ரிஸ் ஒப்புக்கொள்ளும்போது, மகளின் வாயிலிருந்து முதலில் வரும் கேள்வி ‘ஏன் கொன்றாய்?’ என்பதாக இல்லை. ஏன் தேநீரில் போட்டாய் என்றுதான் அலறுகிறாள். என்னைக் கேட்டால், அந்த நாவலின் மொத்தத் துக்கமும் அந்த ஒரு கேள்வியில் இருக்கிறது.

அடிக்கும் கையும் சோறு போடும் கையும் ஒன்றாக இருக்கும் வீட்டில் வளரும் குழந்தைக்கு, அந்தக் கையை வெறுப்பது கட்டுப்படியாகாது. தன்னை வதைப்பவரை நம்பியே வாழ வேண்டியிருப்பதால் குழந்தையின் மனம் வதையின் ஒரு பகுதியைத் தன்னிடமிருந்தே மறைத்துவைக்கும் என்பதை, அமெரிக்க உளவியலாளர் ஜெனிஃபர் ஃபிரெய்ட் 1990களில் விரிவாக எழுதினார். யூஜீன் விஷயத்தில் இன்னொரு குழப்பமும் சேர்கிறது. மகளின் காலில் கொதிநீரை ஊற்றும்போது அவரே அழுகிறார். பள்ளி நாட்களில் தன் கைகளைப் பாதிரியார் ஒருவர் கொதிநீரில் அமிழ்த்திய கதையை மகளிடம் சொல்லவும் செய்கிறார். அது அவரை விளக்குகிறதே ஒழிய விடுவிக்கவில்லை. எழுத்தாளர் அந்த வித்தியாசத்தில் மிகவும் கவனமாக இருந்திருக்கிறார்.

வெளியுலகத்துக்கோ அவர் பெரிய மனிதர். ராணுவ ஆட்சியை எதிர்க்கும் பத்திரிகையின் உரிமையாளர், ஊருக்கு வாரி வழங்குபவர், மனித உரிமைக்காக விருது வாங்கியவர். அவருடைய பத்திரிகையின் ஆசிரியர் பார்சல் குண்டில் கொல்லப்படுகிறார். 1986 அக்டோபரில் லாகோஸில் அப்படித்தான் இறந்துபோன பத்திரிகையாசிரியர் டெலே கிவாவை நினைக்காமல் நைஜீரிய வாசகர்கள் அந்தப் பக்கத்தைக் கடந்திருக்க முடியாது. இறந்த ஆசிரியரின் குடும்பத்தை யூஜீன் பார்த்துக்கொள்கிறார். அதுவும் பாசாங்கு இல்லை. உங்கள் அப்பாவின் எட்டாம் நாளுக்கு வந்தவர்களில் எத்தனை பேர் அவரைத் தங்கமான மனிதர் என்று சொல்லியிருப்பார்கள், அப்போது உங்கள் அம்மா எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது கடிதத்தில் இல்லை. என்னால் ஊகிக்க முடிகிறது.

இனி உங்கள் வாசிப்பு வட்டத்து நண்பரின் பேச்சுக்கு வருகிறேன். அந்த மனிதர் மேல் எனக்குக் கோபம் இல்லை, அலுப்புதான் இருக்கிறது. பியாட்ரிஸ் ஏன் போகவில்லை என்பதற்குப் பியாட்ரிஸே பதில் சொல்லியிருக்கிறாளே, அதைப் படிக்காமல் எப்படித் தாண்டினார்? அவள் வயிற்றின் மேல் சிறு மேசையை அடித்து உடைக்கிறார் கணவர். ஆறு வாரக் கரு, வீட்டுத் தரையிலேயே கலைந்துபோகிறது. மருத்துவமனையிலிருந்து வெளியேறியவள், வீட்டுக்குப் போகாமல் நேரே டாக்சி பிடித்து என்சுக்காவில் இருக்கும் நாத்தனார் இஃபியோமாவின் வீட்டுக்கு வருகிறாள். திரும்பிப் போகாதே என்று அவர்கள் தடுக்கும்போது, யூஜீனின் வீட்டை விட்டு எங்கே போவேன் என்று கேட்கிறாள். வாய்ப்பேச்சுக்காக அவள் அப்படிக் கேட்கவில்லை. கம்பிலிக்குப் பிறகு கருச்சிதைவுகள் தொடர்ந்தபோது, வேறொருத்தியிடம் பிள்ளை பெற்றுக்கொள்ளச் சொல்லி, உமுன்னா என்று அவர்கள் அழைக்கும் பங்காளிகள் கூட்டம் யூஜீனை நெருக்கியது. அவர் மறுத்துவிட்டார். அந்த ஒரு மறுப்புக்கு அவள் ஆயுள் முழுவதும் கடன்பட்டவளாகத் தன்னை நினைக்கிறாள். தங்கள் பெண்ணுக்குப் பரிசம்கூட வேண்டாம் என்று எத்தனை தாய்மார்கள் இவரிடம் தள்ளப் பார்த்தார்கள் தெரியுமா என்றும் கேட்கிறாள்.

இதோடு இக்போ வழக்கத்தையும் சேர்த்துப் பாருங்கள். வழக்கத் திருமணம் முறிவதற்குப் பெண்வீட்டார் வாங்கிய பரிசத்தைத் திருப்பித் தர வேண்டும்; பிள்ளைகள் தகப்பன் வம்சத்தைச் சேர்ந்தவர்கள். கத்தோலிக்கத் திருச்சபையிலோ மணமுறிவுக்கு இடமே இல்லை. கதை நடக்கும் ராணுவ ஆட்சிக் காலத்தில், வீட்டுக்குள் நடக்கும் வன்முறைக்கென்று அந்த நாட்டில் தனிச் சட்டமும் கிடையாது. ஆட்களுக்கு எதிரான வன்முறையைத் தடைசெய்யும் கூட்டாட்சிச் சட்டம் 2015இல்தான் வந்தது. அதையும் மாநிலங்கள் ஒவ்வொன்றாகத் தனித்தனியே ஏற்க வேண்டியிருந்தது. நம் நாட்டில் 2005இல் குடும்ப வன்முறைச் சட்டம் இயற்றப்பட்டபோது நீங்கள் பள்ளிச் சிறுமி. அம்மாவின் கை முறிந்தது அதற்கு முன்பா பின்பா என்று தெரியவில்லை. எதுவாயினும், மாடிப்படியில் விழுந்ததாகச் சொல்லச் சொல்லி அன்று உங்கள் வாயில் வார்த்தையைப் போட்டவர்கள் பெரியவர்கள். அந்தப் பொய்க்கு நீங்கள் பொறுப்பில்லை.

தொழில் முறையில் ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். அடிக்கிற கணவனை விட்டு வெளியேறும் சமயமும் வெளியேறியதற்குப் பிந்தைய வாரங்களுமே பெண்ணின் உயிருக்கு மிகுந்த ஆபத்துள்ள காலம். ‘போயிருக்கலாமே’ என்பவர்கள் இதை அறியாதவர்கள். போவதற்குத் துணிவு போதாது. போய்ச் சேர ஓர் இடம், கையில் கொஞ்சம் பணம், நம்பி வாசற்கதவைத் திறக்க ஒருவர் எல்லாம் வேண்டும். இஃபியோமா கதவைத் திறந்தாள். அவளுக்கே அடுத்த மாதச் சம்பளம் நிச்சயமில்லை.

அம்மா அழவில்லை என்பது உங்களை மிகவும் உறுத்துகிறது. நாவலின் முதல் அத்தியாயத்துக்குத் திரும்பிப் போங்கள். பியாட்ரிஸ் வீட்டு அலமாரியில் பாலே நடனமாடும் சிறு பீங்கான் பொம்மைகள் இருக்கின்றன. பெற்றோரின் அறையிலிருந்து சத்தம் கேட்ட இரவுக்கு மறுநாளெல்லாம், அவள் சோப்புத் தண்ணீரில் நனைத்த துணியோடு அந்த அலமாரி முன் நின்று, ஒவ்வொரு பொம்மைக்கும் கால் மணி நேரம் செலவழித்துத் துடைத்துக்கொண்டிருப்பாள். கண் வீங்கி ஊதா நிறமாக இருக்கும். கண்ணீர் மட்டும் இருக்காது. குருத்தோலை ஞாயிறன்று, நற்கருணை வாங்க மறுத்த ஜாஜாவின் மேல் யூஜீன் வீசிய கனத்த பூசைப் புத்தகம் குறி தவறி அலமாரியில் விழுந்து பொம்மைகள் நொறுங்குகின்றன. வேறு வாங்கப்போவதில்லை என்கிறாள் அவள், மெல்ல. அவளுடைய துக்கம் நடந்தது அந்த அலமாரியின் முன்னால். கணவன் இறந்த அன்று புதிதாகத் தொடங்குவதற்கு அதில் மிச்சம் இருந்ததா என்பதே கேள்வி. உங்கள் அம்மாவும் அழ வேண்டியதை முப்பது நாற்பது வருடங்களாகத் தவணை தவணையாக அழுது தீர்த்திருக்கக்கூடும், நீங்கள் தூங்கிய பிறகு.

கணவனை இழந்தவள் எப்படித் துக்கம் காக்க வேண்டும் என்று ஊர்தான் தீர்மானிக்கிறது. இக்போ சமூகத்தில் தலைமுடியை மழிப்பதும், ஓராண்டு கறுப்போ வெள்ளையோ மட்டும் உடுப்பதும் வழக்கம். விதவைகளை வதைக்கும் சடங்குகளைக் குற்றமாக்கும் பிரிவு, மேலே சொன்ன 2015ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே தனியாகச் சேர்க்கப்பட்டிருக்கிறது. பியாட்ரிஸ் முடியும் எடுக்கவில்லை, நிறமும் மாற்றவில்லை, முதலாண்டு நினைவுத் திருப்பலிக்கும் போகவில்லை. யாரும் ஏன் என்று கேட்கவில்லை; துக்கத்தில் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்துக்கொண்டார்கள். கொன்றது நான்தான் என்று அவளே வாய்விட்டுச் சொல்லியும் ஒருவரும் நம்பவில்லை. இன்னொரு பக்கம் இஃபியோமாவைப் பாருங்கள். அவள் கணவர் சாலை விபத்தில் இறந்தவர். அவளைப் பார்த்து நீதான் கொன்றாய் என்று புகுந்த வீட்டுப் பெண்ணொருத்தி முகத்துக்கு நேரே சொன்னாள். செய்தவளை நம்பாத ஊர், செய்யாதவள் மேல் பழி போட்டது. ஒரு விதவையின் கண்ணீரை வைத்து அவள் மனத்தை அளப்பவர்கள் எவ்வளவு தூரம் தவறிப்போவார்கள் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி எனக்குத் தெரியாது. ஆகவே, அம்மாவிடம் ‘ஏன் அழவில்லை’ என்று கேட்காதீர்கள். ‘அழுதுவிடு அம்மா, மனசு லேசாகும்’ என்றும் சொல்லாதீர்கள். அவர் மனம் லேசாகத்தான் இருக்கிறதோ என்னவோ. அதை வெளியே சொல்ல முடியாமல் இருப்பதுகூட அவருக்குப் பாரமாக இருக்கலாம்.

இங்கே ஒரு சிறு எச்சரிக்கை. பியாட்ரிஸ் செய்ததுதான் சரி என்று வாசிப்பு வட்டங்களில் கைதட்டுவதைக் கேட்டிருக்கிறேன். அந்த விஷத்துக்கு விலை கொடுத்தவன் ஜாஜா. தாய்க்காகப் பழியைத் தன் மேல் போட்டுக்கொண்டு, பதினேழு வயதில் கைதாகி முப்பத்தொரு மாதங்கள் சிறையில் கழிக்கிறான்.

தம்பியைப் புரிந்துகொள்ள ஜாஜாதான் உங்களுக்கு உதவுவான். அம்மாவை நான் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும் என்று அவன் சொல்லும் இடத்தைக் கவனியுங்கள். வயதில் தன்னைவிடச் சிறிய அத்தை மகன் ஒபியோரா அந்தக் குடும்பத்தையே தலையில் தாங்குகிறானே, தனக்கு அது இயலவில்லையே என்று குமைகிறான். அடி விழும்போது நடுவில் போய் நிற்க முடியாத சிறுவனின் வெட்கம் வளர்ந்த பின் கோபமாகத்தான் வெளியே தெரியும். உங்கள் தம்பி அப்பாவின் படத்தின் மேல் காட்டும் கோபத்தில் பாதி அவன் மேலேயே அவன் கொண்ட கோபம் என்று எனக்குப் படுகிறது. இதை அவனிடம் நீங்கள் எடுத்துச் சொல்லி நிரூபிக்க முயல வேண்டாம். தெரிந்து வைத்துக்கொண்டால் போதும். அவன் வராததை அப்பாவுக்கு எதிரான தீர்ப்பாகவோ, நீங்கள் அழுவதை அப்பாவுக்கு ஆதரவான சாட்சியாகவோ ஆக்காமல் இருந்தாலே உங்கள் வீட்டில் பாதிச் சண்டை நின்றுவிடும். ஒரே சாவுக்கு ஒரு வீட்டில் மூன்று பேர் மூன்று விதமாகத்தான் இருப்பீர்கள்.

வெளியே காட்ட உரிமை மறுக்கப்பட்ட துக்கம் ஒன்று உண்டு என்று அமெரிக்க ஆய்வாளர் கென்னத் டோக்கா 1989இல் எழுதினார். கெட்டவர் என்று வீட்டார் முடிவுகட்டிவிட்ட ஒருவருக்காக அழுவதும் அந்த வகைதான். அது உள்ளேயே அடைபட்டுக் கிடந்து, சம்பந்தமில்லாத இடத்தில், எனுகு நகரத்து யூஜீனுக்காக என்ற சாக்கில் உடைத்துக்கொண்டு வரும். உங்களுக்கு நடந்தது இதுதான். நீங்கள் இழந்தது இரண்டு பேரை. சைக்கிளின் பின்சீட்டைப் பிடித்துக்கொண்டு ஓடிவந்த அப்பா ஒருவர். இனிமேலாவது திருந்துவார் என்று காத்திருந்தீர்களே, வராமலே போய்விட்ட அந்த அப்பா இன்னொருவர். இரண்டாமவருக்கான துக்கம்தான் கடினமானது. ஆள் உயிரோடு இருந்தவரை அந்த நம்பிக்கையும் உயிரோடு இருந்தது.

பயிற்சி என்று பெரிதாக ஒன்றும் சொல்லப்போவதில்லை, ஒரு சொல்லை மட்டும் மாற்றச் சொல்கிறேன். ‘அப்பா அம்மாவை அடித்தார், ஆனால் எனக்குச் சைக்கிள் பழக்கினார்’ என்று சொல்லும்போது ‘ஆனால்’ வந்து முதல் பாதியைத் தேய்த்துவிடுகிறது. திருப்பிப் போட்டுச் சொன்னால் சைக்கிள் தேய்கிறது. எதைச் சொன்னாலும் யாரையோ காட்டிக்கொடுத்ததுபோல் ஆகிறது. நம் மொழியில் இதற்கு ‘உம்’ இருக்கிறது. சைக்கிள் பழக்கியதும் அவர்தான், அம்மாவின் கையை முறித்ததும் அவர்தான். இப்படிச் சில நாட்கள் தனியாக இருக்கும்போது வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். எந்தப் பாதியையும் எந்தப் பாதியும் அழிக்க வேண்டியதில்லை. உங்கள் கேள்வியிலேயே, ‘எனக்குச் சைக்கிள் பழக்கியவரும் அவர்தான்’ என்று நீங்களே அப்படி எழுதியிருக்கிறீர்கள்.

படத்தைப் பற்றி: அந்த ஹாலில் தினமும் உட்காரப்போவது சித்தப்பா அல்ல. யாரும் இல்லாத நேரத்தில் அம்மாவிடம், அப்பா படம் ஹாலில் இருக்கட்டுமா வேண்டாமா என்று மட்டும் கேளுங்கள், காரணம் கேட்காதீர்கள். உன் இஷ்டம் என்று அவர் சொன்னால் அது சம்மதம் இல்லை. இத்தனை வருடங்களும் அவர் சொல்லிப் பழகிய பதில் அது. இரண்டு நாள் கழித்து மறுபடி கேளுங்கள். வேண்டாம் என்றால், சித்தப்பாவிடம் அதை அம்மா சொன்னதாகச் சொல்லாமல் உங்கள் முடிவாகச் சொல்லுங்கள். அந்தக் கெட்ட பெயரை நீங்கள் வாங்கிக்கொள்ளலாம். உங்களுக்குப் படம் வேண்டுமென்றால் திருச்சியில் உங்கள் அறையில், உங்களுக்குப் பிடித்த அளவில் வைத்துக்கொள்ளுங்கள். தலைத்திவசத்தைச் செய்ய விரும்பினால் செய்யுங்கள். தம்பி அன்று வராமல் இருக்கட்டும், மறுநாள் சாப்பாட்டுக்கு வரச் சொல்லுங்கள்.

தூக்கம் கெடுவது, வேலையில் மனம் ஒன்றாதது, அப்பாவின் நினைப்பு நாள் முழுவதும் விடாமல் துரத்துவது போன்றவை இருந்தால் தள்ளிப்போடாமல் ஆலோசகர் ஒருவரை நேரில் பாருங்கள். இறப்பு நிகழ்ந்து ஆறு மாதங்களைத் தாண்டியும் அன்றாட வாழ்க்கையைக் குலைக்கும் தீவிரத் துக்கத்தை, சிகிச்சை தேவைப்படும் நிலையாக உலக சுகாதார நிறுவனத்தின் வகைப்பாடு கருதுகிறது. 14416 என்ற அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண்ணில் தமிழிலேயே பேசலாம், கட்டணம் இல்லை.

நாவலைத் தம்பியிடம் கொடுக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். கொடுக்கலாம். கம்பிலி திருப்பலி ஒப்புக்கொடுக்கும் பக்கத்தில் மட்டும் கோடு போடாமல் கொடுங்கள். அவன் ஜாஜாவின் வழியாகவே அங்கே வந்து சேரட்டும். தலைத்திவசத்துக்கு முந்தின வாரம் வேண்டாம்.